எண்ணூறு கோடி மக்கள்: இரண்டு குழந்தைச் சட்டம் தீர்வாகுமா?

11 ஜூலை 2024 (தொடக்கப் பதிவு, வாசகர் ஒருவர் எழுதியது)

இன்று உலக மக்கள்தொகை நாள். பள்ளிகளில் உறுதிமொழியும் ஓவியப் போட்டியும் நடந்து முடிந்திருக்கும். உண்மையைச் சொல்லத்தான் ஒருவருக்கும் துணிவில்லை. தண்ணீர்ப் பற்றாக்குறை, வேலையின்மை, நகர நெரிசல், புவி வெப்பம் ஆகிய அனைத்துக்கும் வேர் ஒன்றே: மனிதர்கள் அளவுக்கு மீறிப் பெருகிவிட்டார்கள். இரண்டு குழந்தைகளுக்கு மேல் பெற்றால் அரசின் எந்தச் சலுகையும் கிடையாது என்று இந்தியாவிலும் ஆப்பிரிக்க நாடுகளிலும் சட்டம் வந்தால் இருபது ஆண்டுகளில் எல்லாம் சீராகிவிடும். மறுப்பவர்கள் காரணத்தோடு மறுக்கட்டும்.

12 ஜூலை 2024

மறுக்கிறேன். கிராம சுகாதாரச் செவிலியராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். குடும்பக் கட்டுப்பாடு எனக்குச் செய்தித்தாளில் படித்த விவகாரமன்று. மாதந்தோறும் அறிக்கையில் நிரப்பிக்கொடுத்த ஒரு கட்டம்.

முதலில் எண்களைப் பார்ப்போம். உலக மக்கள்தொகை 1927 வாக்கில் 200 கோடியைத் தொட்டது என்பது மதிப்பீடு. 1974-இல் அது 400 கோடியாயிற்று. 2022 நவம்பர் 15-ஐ 800 கோடியைத் தொட்ட நாளாக ஐ.நா. குறித்தது. முதல் இரட்டிப்புக்கு 47 ஆண்டுகளும் அடுத்ததற்கு 48 ஆண்டுகளும் ஆகியிருக்கின்றன. இதைப் படித்ததும் இன்னொரு 48 ஆண்டுகளில் 1,600 கோடி என்று மனக்கணக்குப் போடத் தோன்றும். அப்படி நிகழப்போவதில்லை. 1960-களில் ஆண்டுக்கு இரண்டு விழுக்காட்டைத் தாண்டியிருந்த வளர்ச்சி விகிதம் இப்போது ஒரு விழுக்காட்டுக்கும் கீழே இறங்கிவிட்டது. நேற்று வெளியான ஐ.நா. கணிப்பு, 2080-களின் நடுவில் ஏறத்தாழ 1,030 கோடியில் உச்சத்தைத் தொட்டு, அதன்பின் எண்ணிக்கை மெல்ல இறங்கும் என்கிறது.

இந்தியாவில் ஒரு பெண் தன் வாழ்நாளில் பெறும் குழந்தைகளின் சராசரி, 2019–21 தேசிய குடும்ப நல ஆய்வின்படி, 2.0. மக்கள்தொகை கூடாமலும் குறையாமலும் நிற்கத் தேவையான சராசரி 2.1. பீகாரில் இன்னும் 3.0 இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் நாடு முழுமைக்குமாக நீங்கள் கேட்கும் சட்டம், ஏற்கெனவே நடந்து முடிந்த ஒன்றை நடத்திக்காட்டுவதற்கான சட்டம்.

14 ஜூலை 2024

"அப்படியானால் சிக்கலே இல்லை என்கிறீர்களா?" என்று வேறொருவர் கேட்டிருக்கிறார். நான் அப்படிச் சொல்லவில்லை. விகிதம் குறைந்தாலும் ஆண்டுதோறும் ஏறத்தாழ 7 கோடிப் பேர் கூடிக்கொண்டுதான் இருக்கிறார்கள். 2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டின் மொத்த மக்கள்தொகை 7.21 கோடி. இந்தக் கூடுதலும் உலகெங்கும் சமமாகப் பரவவில்லை. 2050 வரையிலான வளர்ச்சியில் பாதிக்கு மேற்பட்டது காங்கோ ஜனநாயகக் குடியரசு, எகிப்து, எத்தியோப்பியா, இந்தியா, நைஜீரியா, பாகிஸ்தான், பிலிப்பைன்ஸ், தான்சானியா ஆகிய எட்டு நாடுகளில் மட்டும் நிகழும் என்று 2022-இல் ஐ.நா. கணித்தது.

சராசரி 2.0 ஆன பின்னும் இந்தப் பட்டியலில் இந்தியா ஏன் இருக்கிறது? கடந்த தலைமுறையில் பிறந்தவர்கள் பெருங்கூட்டமாக இப்போதுதான் பிள்ளை பெறும் வயதில் இருக்கிறார்கள். ஆளுக்கு இரண்டே பெற்றாலும், பிறப்பவர்கள் தொகை இறப்பவர்கள் தொகையைவிடப் பல பத்தாண்டுகளுக்கு மிகுந்தே இருக்கும். பிரேக் போட்ட பிறகும் சரக்கு ரயில் வெகுதூரம் ஓடித்தான் நிற்கும். ஆகவே 2060-களில் 170 கோடி அளவில்தான் இந்தியா உச்சத்தைத் தொடும் என்கிறது கணிப்பு. அந்த 170 கோடிக்குக் காரணமாகப் போகிறவர்களில் பெரும்பாலோர் ஏற்கெனவே பிறந்துவிட்டார்கள். எந்தச் சட்டமும் அவர்களைப் பின்தேதியிட்டுத் தடுக்க இயலாது.

18 ஜூலை 2024

சட்டம் வேண்டும் என்பவர்கள் பலர், ஒரு முறையும் அதைக் கடுமையாகச் செய்து பார்க்காததால்தான் இந்த நிலை என்று எழுதியிருக்கிறார்கள். செய்து பார்த்தாயிற்று. குடும்பக் கட்டுப்பாட்டை அரசின் திட்டமாகவே 1952-இல் தொடங்கிய முதல் நாடு இந்தியா. நெருக்கடி நிலையின்போது, 1976–77 என்ற ஒரே நிதியாண்டில், 80 லட்சத்துக்கும் மேற்பட்ட கருத்தடை அறுவை சிகிச்சைகள் நடந்தன. அவற்றில் பெரும்பாலானவை ஆண்களுக்குச் செய்யப்பட்டவை. ஹரியானாவின் உட்டாவர் கிராமத்தை இரவில் போலீசார் சூழ்ந்து ஆண்களைப் பிடித்துச் சென்றது அக்காலத்துச் செய்தி. ஆசிரியர் சம்பளம் முதல் வீட்டுமனை ஒதுக்கீடு வரை அறுவை சிகிச்சைச் சான்றிதழோடு முடிச்சுப் போடப்பட்டது. 1977 தேர்தலில் வட இந்தியா அதற்கு என்ன பதில் சொன்னது என்பது அனைவரும் அறிந்ததே.

அதன் பின்விளைவை நான் பணியில் சேர்ந்த 1980-களில் நேரில் பார்த்தேன். ஆண்களுக்கான அறுவை சிகிச்சையைப் பற்றிப் பேச எந்த அதிகாரியும் முன்வரவில்லை, எந்த ஆணும் காதுகொடுக்கவில்லை. சுமை மொத்தமும் பெண்கள்மீது இறங்கியது. இன்றுவரை அது மாறவில்லை: மேற்சொன்ன அதே ஆய்வில், மனைவி 15–49 வயதிலிருக்கும் தம்பதியரில், கருத்தடை அறுவை சிகிச்சையை மனைவி செய்துகொண்டது 37.9 விழுக்காடு, கணவர் செய்துகொண்டது 0.3 விழுக்காடு. ஆணுக்குச் செய்வது எளிது, ஆபத்து குறைவு, செலவும் குறைவு என்பதை நினைத்துக்கொண்டு இந்த இரண்டு எண்களையும் மீண்டும் ஒருமுறை படியுங்கள்.

இலக்கு என்ற ஒன்று இருந்தது. இத்தனை அறுவை சிகிச்சை, இத்தனை காப்பர்-டி என்று ஆண்டின் தொடக்கத்திலேயே தலைக்கு ஒரு கணக்கு வந்துவிடும். நிதியாண்டு முடியும் மார்ச்சில் அது கழுத்தைப் பிடிக்கும். ஆய்வுக் கூட்டத்தில் "எத்தனை கேஸ்?" என்பது மட்டுமே கேள்வி, அந்தப் பெண்ணுக்கு ரத்தசோகை இருந்ததா, முகாமிலிருந்து வீடு திரும்பியபின் யாராவது போய்ப் பார்த்தார்களா என்று எவரும் கேட்டதாக எனக்கு நினைவில்லை. பிள்ளை பெறும் வயதிலுள்ள தம்பதியரைக் குறித்துவைக்கும் 'தகுதியான தம்பதியர்' பதிவேட்டைத் திறந்தால் நாங்கள் பெயர்களைத் தேடவில்லை, இலக்கை நிரப்ப ஆளைத்தான் தேடினோம். 1996 ஏப்ரலில் மத்திய அரசு இந்த இலக்கு முறையைக் கைவிட்டது. கைவிட்ட பின்னும் பிறப்பு விகிதம் இறங்கிக்கொண்டேதான் இருந்தது. கெடுபிடிதான் குறைத்தது என்பவர்கள் இதற்கு ஒரு விளக்கம் சொல்ல வேண்டும்.

மலையடிவாரக் குடியிருப்பு ஒன்றில் ஒரு பெண் என்னிடம் சொன்னது இன்றும் மனத்தில் நிற்கிறது. "இருக்கற ரெண்டும் நெலைக்கட்டும், அப்புறம் பாப்பம் நர்சம்மா." அவருக்கு ஏற்கெனவே ஒரு குழந்தை வயிற்றுப்போக்கில் இறந்திருந்தது. 1980-இல் இந்தியாவில் பிறந்த ஆயிரம் குழந்தைகளில் 114 பேர் முதல் பிறந்தநாளைப் பார்க்கவில்லை. 2020-இல் அது 28. தமிழ்நாட்டில் 13. அந்தப் பெண் அறியாமையில் பேசவில்லை. தன் ஊரின் இறப்புக் கணக்கை எங்கள் பதிவேட்டைவிடச் சரியாக வைத்திருந்தார்.

19 ஜூலை 2024

இத்தகைய சட்டத்தை உச்ச நீதிமன்றமே ஏற்றிருக்கிறதே, சட்டம் தெரிந்துதான் பேசுகிறீர்களா என்று ஒருவர் கேட்டிருக்கிறார். இல்லை, நான் சட்டத்துறையைச் சேர்ந்தவள் அல்லள். ஹரியானாவில் இரண்டு குழந்தைகளுக்கு மேல் உள்ளவர்கள் ஊராட்சித் தேர்தலில் நிற்க முடியாது என்ற சட்டத்தை உச்ச நீதிமன்றம் 2003-இல் ஏற்றுக்கொண்டது உண்மைதான். ஒன்று சட்டப்படி செல்லும் என்பதும் அது பயன் தரும் என்பதும் வேறுவேறு.

25 ஜூலை 2024

கட்டாயமின்றி வறிய நாடு ஒன்று பிறப்பு விகிதத்தைக் குறைத்ததற்கு எடுத்துக்காட்டுக் கேட்கிறார் தொடக்கப் பதிவர். வங்கதேசத்தைப் பாருங்கள்.

டாக்காவுக்குத் தென்கிழக்கே ஆறுகளுக்கு நடுவே மத்லப் என்ற வட்டாரம் இருக்கிறது. 1960-களில் காலரா ஆராய்ச்சிக்காக அங்கே ஒரு மருத்துவமனை வந்தது. 1966 முதல் அப்பகுதியில் ஒவ்வொரு பிறப்பும் இறப்பும் திருமணமும் இடப்பெயர்வும் பதிவாகி வருகின்றன. உப்பும் சர்க்கரையும் கலந்த நீரைக் குடிக்கவைத்தே காலரா நோயாளியைக் காப்பாற்றலாம் என்ற சிகிச்சை உருவானதில் அந்த ஆராய்ச்சிக் குழுவுக்குப் பெரும் பங்குண்டு. 1971 போரின்போது மேற்கு வங்கத்தின் பங்காவ் அகதி முகாமில் மருத்துவர் திலீப் மகலனபிஸ் அதைப் பெருமளவில் பயன்படுத்திக் காட்டினார். உலக மக்கள்தொகை ஏன் பெருகியது என்பதற்கு விடையே இங்குதான் இருக்கிறது: மக்கள் திடீரென்று அதிகமாகப் பெறத் தொடங்கவில்லை, பெற்றவை சாகாமல் பிழைத்தன. இதைக் கேடு என்று சொல்ல எனக்கு வாய் வராது.

அதே மத்லபில் 1975-இல் வீட்டுக்கு வீடு கருத்தடை மாத்திரை கொடுத்துப் பார்த்தார்கள். கொடுத்தவர்கள் பெரும்பாலும் வயதான, எழுதப்படிக்கத் தெரியாத மருத்துவச்சிகள். முதலில் வாங்கிக்கொண்ட பெண்கள் சில மாதங்களில் நிறுத்திவிட்டார்கள். தலைசுற்றுகிறது, மாதவிடாய் மாறுகிறது என்றால் பதில் சொல்ல ஆளில்லை. 1977-இல் முறையை மாற்றினார்கள். அதே ஊர்களைச் சேர்ந்த, படித்த, மணமான, தாங்களே ஏதேனும் ஒரு கருத்தடை முறையைக் கையாளும் இளம்பெண்களைப் பணியில் அமர்த்தி, இரண்டு வாரங்களுக்கு ஒருமுறை ஒவ்வொரு வீட்டுக்கும் அனுப்பினார்கள். மாத்திரை, ஆணுறை, ஊசி, காப்பர்-டி என எது ஒத்துவருகிறதோ அது, ஒத்துவராவிட்டால் வேறொன்று, பக்கவிளைவு வந்தால் மருத்துவமனை. இரண்டு ஆண்டுகளுக்குள் அப்பகுதியில் கருத்தடை முறையைக் கையாளும் தம்பதியர் பத்தில் ஒருவருக்கும் குறைவாக இருந்த நிலை மாறி, மூன்றில் ஒருவர் ஆனார்கள். சேவை கிடைக்காத பக்கத்துக் கிராமங்களில் அந்த அளவு மாற்றமில்லை. பின்னர் இதைப் பின்பற்றி நாடு முழுவதும் பெண் பணியாளர்கள் அமர்த்தப்பட்டார்கள். 1970-களில் ஒரு பெண்ணுக்கு ஆறு குழந்தைகளுக்கு மேல் என்றிருந்த வங்கதேசச் சராசரி, 1990-களின் நடுவில் 3.3-க்கு வந்தது. அப்போது அந்த நாடு பணக்கார நாடாகவோ தொழில்மயமான நாடாகவோ ஆகிவிடவில்லை.

செவிலியராக இதைப் படிக்கையில் எனக்குப் பட்டது ஒன்றுதான். அங்கே அந்தப் பெண்களுக்குத் திரும்பிப் போய்ப் பார்க்க நேரம் கொடுத்தார்கள். எங்களுக்கு அடுத்த கேஸ் கொடுத்தார்கள்.

27 ஜூலை 2024

வங்கதேசத்தை நான் அளவுக்கு மீறி வெள்ளையடிப்பதாக ஒருவர் எழுதியிருக்கிறார். அவர் சொல்வதில் பொருளுண்டு. அறுவை சிகிச்சை செய்துகொண்டவர்களுக்கு அங்கே பணமும், பெண்ணுக்குச் சேலையும், ஆணுக்கு லுங்கியும் கொடுத்தார்கள். வறுமை மிகுந்த மாதங்களில் அப்படிக் கொடுப்பதும் ஒருவகை நெருக்குதல்தான். ஆயினும் பிறப்பு விகிதச் சரிவின் பெரும்பகுதி மாத்திரையாலும் ஊசியாலும் வந்தது; நாளை நிறுத்திவிடலாம் என்ற சுதந்திரம் இருக்கும் முறைகளால் வந்தது. 25-ஆம் தேதிக் குறிப்பை இதோடு சேர்த்துப் படிக்கவும்.

3 ஆகஸ்ட் 2024

ஈரானைப் பற்றிக் கேட்டவருக்கு. ஈராக் போர்க் காலத்தில் அங்கே அதிகக் குழந்தைகள் வரவேற்கப்பட்டன. 1980-களின் நடுவில் சராசரி ஆறுக்கு மேல். 1986 கணக்கெடுப்பில் தொகை ஐந்து கோடியை நெருங்கியதும் திட்டக் குழுவினர் திகைத்தார்கள். 1989-இல் குடும்பக் கட்டுப்பாட்டுத் திட்டம் மீண்டும் வந்தது. கிராமங்களில் சுகாதார இல்லங்கள், இலவசக் கருத்தடைச் சாதனங்கள், மணமுடிக்குமுன் இருவரும் கட்டாயம் கேட்க வேண்டிய வகுப்பு, இவற்றோடு பெண் கல்வி. 2000 வாக்கில் சராசரி இரண்டுக்கு வந்துவிட்டது. நீங்கள் சொல்வதற்குமுன் நானே சொல்லிவிடுகிறேன்: நான்காவது குழந்தைக்குச் சில சலுகைகளை மறுக்கும் சட்டம் 1993-இல் வந்தது. ஆனால் அதற்கு முன்பே சராசரி செங்குத்தாக இறங்கத் தொடங்கியிருந்தது. 2021-இல் அதே நாடு அரசு மருத்துவ நிலையங்களில் இலவசக் கருத்தடை வழங்குவதை நிறுத்தச் சட்டம் போட்டது. பிள்ளைகள் போதவில்லையாம்.

11 ஆகஸ்ட் 2024

புவி வெப்பத்தையும் மக்கள்தொகைக் கணக்கில் எழுதுகிறவர்களுக்காக இந்தச் சிறு குறிப்பு. ஓர் அமெரிக்கர் ஆண்டுக்கு 14 டன்னுக்கு மேல் கார்பன் டை ஆக்சைடு வெளியேற காரணமாகிறார். இந்தியர் ஏறத்தாழ 2 டன். நைஜர் நாட்டவர் ஏறத்தாழ 0.1 டன். உலகிலேயே அதிகக் குழந்தைகள் பெறும் நாடுகளுள் நைஜர் ஒன்று. யாருடைய பிள்ளையை எண்ணுகிறோம் என்பதில் சற்றுக் கூச்சம் தேவை.

15 ஆகஸ்ட் 2024

நைஜர் என்று எழுதியபின் அதை அந்த ஒரு வரியில் விட்டுவிட மனம் ஒப்பவில்லை. ஏனெனில் தொடக்கப் பதிவரின் கவலைக்கு முழுமையாகப் பொருந்தும் நாடு ஒன்று உண்டென்றால் அது நைஜர்தான்.

1960-இல் விடுதலை பெற்றபோது அங்கே 35 லட்சத்துக்கும் குறைவானவர்கள் இருந்தார்கள். இன்று ஏறத்தாழ 2.7 கோடி. மக்களில் பாதிப்பேர் பதினைந்து, பதினாறு வயதுக்கு உட்பட்டவர்கள். நிலத்தில் பெரும்பகுதி சகாரா பாலைவனம். கம்பும் சோளமும் விளைவது தெற்கே மழை பெறும் ஒரு குறுகிய பட்டையில். தொகை இருபது, இருபத்தைந்து ஆண்டுகளில் இரட்டிக்கும் நாட்டில், இன்று இருக்கும் ஒவ்வொரு வகுப்பறைக்கும் இன்னொரு வகுப்பறை, ஒவ்வொரு ஆசிரியருக்கும் இன்னோர் ஆசிரியர், ஒவ்வொரு பிரசவ வார்டுக்கும் இன்னொன்று என்று அதற்குள் கட்டி முடித்தால்தான் இப்போதுள்ள போதாக்குறையே அப்படியே நிற்கும். வேகம் என்ற சிக்கல் எனக்கு இந்த வடிவில்தான் புரிகிறது. உலகத்தில் இடம் போதுமா என்பது அங்கே யாருடைய கேள்வியுமன்று. அடுத்த கல்வியாண்டில் சேரவிருக்கும் பிள்ளைக்கு ஆசிரியர் உண்டா என்பதுதான் கேள்வி.

ஆனால் நிலம் பாழாகிவிடும் என்ற வாதத்தை அப்படியே ஏற்க மாட்டேன். நைஜரின் மராடி, சிண்டர் வட்டாரங்களில், 1980-கள் தொடங்கி, விவசாயிகள் தங்கள் வயல்களில் வெட்டுண்ட மரங்களின் அடித்தூரிலிருந்து துளிர்ப்பவற்றைப் பிடுங்கி எறியாமல் கவாத்து செய்து வளர்த்தார்கள். ஆஸ்திரேலியரான டோனி ரினாடோ இதை ஊக்குவித்தவர்களில் ஒருவர். ஏறத்தாழ 50 லட்சம் ஹெக்டேரில் மரங்கள் திரும்பி வந்தன. மக்கள்தொகை பெருகிக்கொண்டிருந்த அதே காலத்தில், மக்கள் அடர்ந்து வாழும் அதே பகுதிகளில் இது நடந்தது. கென்யாவின் மச்சாகோஸ் மாவட்டத்தை 1930-களில் மீட்க முடியாத நிலம் என்று ஆங்கிலேய அதிகாரிகள் எழுதினார்கள். அங்கே 1990-க்குள் மக்கள் ஐந்து மடங்கானார்கள், சரிவுகளெல்லாம் படிவயல்களாயின, மண்ணரிப்புக் குறைந்தது. வாயோடு சேர்ந்து இரண்டு கைகளும் பிறக்கின்றன என்பதை மால்தஸ் 1798-இல் குறைத்து மதிப்பிட்டார்.

இருந்தும் மரம் வளர்ப்பதுபோல் எளிதன்று மற்றது. நைஜரில் நான்கில் மூன்று பெண்களுக்குப் பதினெட்டு வயதுக்குள் திருமணமாகிவிடுகிறது. பதினாறில் முதல் பிள்ளை என்றால் தலைமுறையின் இடைவெளியே சுருங்கிவிடுகிறது. ஒரே நூற்றாண்டுக்குள் ஒரு தலைமுறை கூடுதலாக நுழைந்துவிடுகிறது. இரண்டு குழந்தைச் சட்டத்தை அங்கே கொண்டுபோய்ப் படித்துக் காட்டினால் யார் கேட்பார்கள்? மாறாக, ஒரு பெண்ணை நான்கைந்து ஆண்டுகள் கூடுதலாகப் பள்ளியில் வைத்திருந்தால் எண்ணிக்கையும் குறையும், இடைவெளியும் கூடும். சிண்டரில் கணவர்களுக்கான பள்ளி என்று ஒரு முயற்சி நடக்கிறது: ஊரில் மதிப்புள்ள ஆண்கள் கூடி, மனைவியரைப் பிரசவத்துக்கும் கருத்தடைக்கும் மருத்துவ நிலையத்துக்கு அனுப்புவது பற்றிப் பேசுகிறார்கள். அப்படியொன்று எங்கள் வட்டாரத்தில் இருந்திருந்தால் நான் எத்தனையோ மாமியார்களிடம் மன்றாடியிருக்க வேண்டியதில்லை.

2 செப்டம்பர் 2024

தமிழ்நாட்டை வெற்றிக் கதையாக மட்டும் எழுதுகிறவர்களுக்கு. ஆம், சத்துணவு, பெண் கல்வி, பேருந்து வசதி, தடுப்பூசி என எல்லாம் சேர்ந்து இங்கே பிறப்பு விகிதம் 1990-களின் தொடக்கத்திலேயே 2.1-ஐ நெருங்கிவிட்டது. அதே ஆண்டுகளில்தான் பெண் சிசுக்களைக் கொல்லாமல் அரசிடம் விட்டுவிடச் சொல்லும் தொட்டில் குழந்தைத் திட்டத்தைச் சேலத்தில் தொடங்க வேண்டிவந்தது. இரண்டு போதும், ஆனால் ஒன்று ஆணாக இருக்க வேண்டும் என்று குடும்பம் நினைத்தால், சிறு குடும்பத்தின் விலையை எந்தக் குழந்தை கொடுக்கிறது என்பதைப் பணியில் இருந்தவர்கள் அறிவோம். குறிப்பெழுதவும் கை வராத பிறப்புகள் இருந்தன. சீனத்தில் 1980 முதல் 2015 வரை நடந்த ஒரு குழந்தைக் கொள்கையும் இதே படுகுழியில் விழுந்தது. சட்டம் கேட்பவர்கள் இதற்கு என்ன ஏற்பாடு வைத்திருக்கிறார்கள் என்பதை இதுவரை ஒருவரும் எழுதவில்லை.

24 அக்டோபர் 2024

இந்த இழை உறங்கிவிட்டது என்றிருந்தேன். இந்த வாரம் இரண்டு முதலமைச்சர்கள் எழுப்பிவிட்டார்கள். ஆந்திரத்தில் சந்திரபாபு நாயுடு அதிகக் குழந்தைகள் பெறச் சொல்கிறார். இரண்டுக்கு மேல் பெற்றவர்களே உள்ளாட்சித் தேர்தலில் நிற்கலாம் என்று சட்டம் கொண்டுவரும் எண்ணத்தையும் வெளியிட்டிருக்கிறார். இரண்டுக்கு மேல் பெற்றவர்கள் நிற்கக் கூடாது என்று 1994-இல் சட்டம் போட்ட அதே மாநிலம்! தமிழ்நாட்டில் மு.க. ஸ்டாலின் ஒரு திருமண விழாவில் பதினாறு பிள்ளைகளைப் பற்றிப் பேசியது, தொகுதி மறுவரையறையில் மாநிலத்தின் மக்களவை இடங்கள் குறையும் என்ற அச்சத்தை மனத்தில் வைத்து.

அந்த அச்சம் வெறும் பேச்சன்று. மாநிலங்களுக்கான மக்களவை இடங்கள் 1971 கணக்கெடுப்பின்படி 1976-இல் உறைய வைக்கப்பட்டன. மக்கள்தொகையைக் குறைக்கும் மாநிலம் இடங்களை இழக்கக் கூடாது என்பது நோக்கம். அரசியலமைப்பின் 84-ஆம் திருத்தம் அதை 2026-க்குப் பின் நடக்கும் முதல் கணக்கெடுப்பு வரை நீட்டித்தது. அதன்பின் எண்ணிக்கைப்படி பிரித்தால் தென் மாநிலங்களின் பங்கு குறையும். இது நியாயமான குறை. ஆனால் இதற்கான மருந்தை நாடாளுமன்றத்தில்தான் தேட வேண்டும். எங்களை வீடு வீடாக அனுப்பிப் போதும் என்று சொல்ல வைத்தீர்கள்; இனி போதாது என்று சொல்ல யாரை அனுப்பப் போகிறீர்கள்? தென்கொரியா எவ்வளவோ பணம் கொடுத்துப் பார்த்தும் 2023-இல் அங்கே சராசரி 0.72. இறங்கியதை ஏற்றுவது கெடுபிடிக்கும் காசுக்கும் அகப்படவில்லை.

20 நவம்பர் 2024

ஆந்திரச் சட்டமன்றம் அந்தப் பழைய தடையை இந்த வாரம் நீக்கிவிட்டது. தொடக்கப் பதிவருக்குத் தகவலுக்காக.

21 நவம்பர் 2024

தொடக்கப் பதிவர் தனிச்செய்தியில் கேட்டதை, அவர் அனுமதியோடு, பொதுவிலேயே சொல்கிறேன். கேட்கக் கூச்சப்படும் வேறு சிலருக்கும் உதவும். இரண்டு குழந்தைகள் இருக்கின்றன, மனைவிக்கு முதல் பிரசவத்திலிருந்தே உடல்நலக் குறைவு, கருத்தடை அறுவை சிகிச்சையைத் தானே செய்துகொள்ளலாமா என்கிறார். தாராளமாக. தழும்பில்லாத வாசக்டமி என்னும் ஆண் கருத்தடை அறுவை சிகிச்சை, கத்தி வைக்காமல், தோலில் ஒரு சிறு துளையின் வழியே, மரத்துப்போகும் ஊசி மட்டும் போட்டுச் செய்வது. அன்றே வீடு திரும்பலாம். ஆண்மைக்கோ உடல் வலுவுக்கோ குறைவு வராது. ஒன்றை மட்டும் பலர் மறக்கிறார்கள்: அறுவை சிகிச்சையன்றே பாதுகாப்பு தொடங்கிவிடாது. மூன்று மாதங்கள் வரை ஆணுறையோ வேறு முறையோ தொடர வேண்டும். அதன்பின் விந்துப் பரிசோதனையில் உயிரணு இல்லை என்று உறுதியான பிறகே விடலாம். அரசு மருத்துவமனையில் இலவசம். ஊக்கத்தொகையும் உண்டு, அதை விட்டுவிடாமல் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.